உள்ளே கைப்பிடி இல்லாத கதவு

தம்பிதுரைக்கு ஒரு வியாதி இருந்தது. எதைக் கண்டாலும், "இதை நாமளே பண்ணிப்போடலாமே" என்று கை அரிக்கும். கோயமுத்தூர் கணபதிப் பக்கம் லேத்துப் பட்டறை வைத்திருப்பவர்களில் பாதிப் பேருக்கு இந்த வியாதி உண்டு. மற்றவர்களுக்கு அது மோட்டாராகவும் கிரைண்டராகவும் பலன் கொடுத்தது. தம்பிதுரைக்குப் பட்டறையில் செய்த பம்ப்செட் உருப்படியாகத்தான் ஓடியது. வீட்டுக்கென்று செய்ததுதான் ஒன்றும் விளங்கவில்லை. அவர் செய்த துணி துவைக்கும் எந்திரம் ஒரு முழு வேட்டியை வாங்கிக்கொண்டு நாலைந்து கைக்குட்டைகளாகத் திருப்பிக் கொடுத்தது. தானாக ஆடும் தொட்டில், மகள் அக்ஷயா பிறந்த மாதமே, அவள் குடித்த பாலையெல்லாம் சுவரில் அடித்தது. அன்று தொட்டிலிலிருந்து பிள்ளையை வாரி எடுத்தபோது மனைவி ராசாத்தாள் பார்த்த பார்வை இருக்கிறதே, ஏழு வருஷம் ஆகியும் அதை அவர் நேருக்கு நேர் நினைத்துப் பார்ப்பதில்லை. கொஞ்சம் ஓரமாகத்தான் நினைத்துக்கொள்வார்.

தொண்ணூற்றைந்தில் ஒரு பம்ப் கண்காட்சி பார்க்க ஜெர்மனி போய் வந்தார். தங்கிய ஓட்டலின் கீழ்த்தளத்தில் நீராவிக் குளியல் அறை ஒன்று இருந்தது. உள்ளே ஒட்டுத்துணி இல்லாமல் ஏழெட்டு வெள்ளைக்காரர்கள் அவித்த கிழங்கு மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். தம்பிதுரை இடுப்புத் துண்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு மூலையில் ஒதுங்கினார். வாசலில் ஒரு பலகை. பல பாஷைகளில் என்னவோ எழுதி, கீழே குழந்தைப் படம் போட்டுச் சிவப்புக் கோடு இழுத்திருந்தது. 'இத்தனை பேரு இந்தக் கோலத்துல உக்காந்திருந்தா, பின்னே கொழந்தைகளையா உள்ள உடுவாங்க' என்று அவர் அர்த்தம் செய்துகொண்டார். வேறு காரணம் இருக்கலாம் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. வெளியே வந்தபோது பல வருஷத்து முதுகுவலி காணாமல் போயிருந்தது. கை அரிக்கத் தொடங்கியது.

வீட்டுக்கும் பட்டறைக்கும் நடுவே ஒரு பழைய ஜெனரேட்டர் அறை சும்மா கிடந்தது. அதற்கு டைல்ஸ் ஒட்டினார். நீராவிக்கு, கல்யாண மண்டபங்களில் ஒரே ஈட்டில் நூற்றுக்கணக்கில் இட்லி வேக வைக்கும் பாய்லர் ஒன்றை வாங்கி, அறைக்கு வெளியே நிறுத்தி, குழாயை உள்ளே விட்டார். கதவுதான் சிக்கலாக இருந்தது. சாதாரணக் கதவு வைத்தால் ஸ்டீம் இடுக்கில் ஓடிவிடும். பழைய இரும்புக்கடை சீனிவாசலுதான் வழி சொன்னார். மேட்டுப்பாளையம் ரோட்டில் எப்போதோ மூடிய ஐஸ் ஃபேக்டரியின் கதவு ஒன்று அவர் கடையில் சாய்ந்து கிடந்தது. சாண் கனம். சுற்றிலும் ரப்பர். புத்தக அளவுக்கு இரட்டைக் கண்ணாடி ஜன்னல். தள்ளிவிட்டால் தானே வந்து மூடி, 'க்ளக்' என்று பூட்டிக்கொள்ளும். வெளியே நீளமான கைப்பிடி. உள்ளே இருந்து திறக்க ஒரு தள்ளுகட்டை இருந்தது. அது துருப்பிடித்து இறுகியிருந்தது. தம்பிதுரை அதை அறுத்து எறிந்துவிட்டு, ஓட்டையின் மேல் பளபளவென்று ஸ்டெயின்லெஸ் தகடு ஒன்றை வைத்துப் பற்றவைத்தார். பார்க்க லட்சணமாக இருந்தது.

"உள்ள இருந்து எப்புடி மச்சா தொறக்கறது?" என்று கேட்டான் ராசாத்தாளின் தம்பி அருள்குமார். பாலிடெக்னிக் படித்தவன், எதிலும் ஒரு கேள்வி வைத்திருப்பான்.

"கதவிடுக்குல துண்ட மடிச்சு வெச்சுக்குவேன் மாப்ள. யாரு உள்ள போயி பூட்டிக்கப் போறாங்க?"

ராசாத்தாள் அந்த அறைக்குக் கொப்பரை என்று பெயர் வைத்தாள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவர் எண்ணெய் தேய்த்துக்கொண்டு கிளம்பினால், "கொப்பரைக்குப் போறீங்களாக்கும். வெந்ததும் ஒரு கொரல் குடுங்க, சட்னி அரைச்சு வெக்கறேன்" என்பாள். அக்ஷயா விழுந்து விழுந்து சிரிப்பாள். "நானும் வாரேம்ப்பா" என்று அவள் பின்னால் ஓடி வந்தால் மட்டும் ராசாத்தாளின் சிரிப்பு நின்றுவிடும். "அந்தப் பக்கம் போனீன்னா காலை ஒடிச்சுப்போடுவேன்." ஜெர்மனிப் பலகையைப் பார்க்காதவளுக்கு அந்தச் சிவப்புக் கோடு எப்படித் தெரிந்தது என்பது தம்பிதுரைக்கு விளங்கவில்லை. தொட்டிலை வைத்துத் தெரிந்துகொண்டிருப்பாள்.

நாலாவது ஞாயிறோ ஐந்தாவதோ, அவர் அந்தக் கையைப் பார்த்தார்.

அறை முழுக்க வெள்ளையாக மூடியிருந்தது. ஜன்னல் கண்ணாடியும் பனி படிந்து வெளுத்திருந்தது. அதன் கீழ்மூலையில் மட்டும் வெளுக்காமல் தெளிவாக ஓர் இடம். ஐந்து விரல், ஓர் உள்ளங்கை. யாரோ குழந்தை கண்ணாடியில் கை வைத்து அழுத்தியது போல.

வெளியே வந்து அக்ஷயாவைப் பிடித்தார். "கண்ணாடியில கைய வெச்சியா சாமி? நெசம் சொல்லு."

"இல்லப்பா. அம்மா காலை ஒடிச்சுப்போடும்."

அவளைத் தூக்கிக்கொண்டு போய், வெளிப்பக்கமாக அவள் கையை அந்தக் கைமேல் வைத்துப் பார்த்தார். அக்ஷயாவின் விரல்கள் ஒரு கணு நீண்டு தெரிந்தன. அந்தக் கை அவளுடையதைவிடச் சின்னது. மூன்று, நான்கு வயசுக் கை.

"யாருப்பா அது?" என்றாள் அக்ஷயா, கண்ணாடிக்குள் உற்றுப் பார்த்து.

"யாருமில்ல" என்று அவளை இறக்கிவிட்டார்.

உள்பக்கம் துடைத்தார். வெளிப்பக்கம் துடைத்தார். சீயக்காய் போட்டுத் தேய்த்தார். அடுத்த ஞாயிறு ஸ்டீம் ஏற ஏற, போட்டோ கழுவுகிற அறையில் படம் எழும்புகிற மாதிரி, கை மெல்ல மேலே வந்தது. அருள்குமாரைக் கூப்பிட்டுக் காட்டினார். அவன் கண்ணாடியைச் சுண்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தான்.

"ரெண்டு கண்ணாடிக்கு நடுவுல இருக்குதுங்க மச்சா. கதவு செஞ்ச எடத்துல எந்தக் கொழந்தையோ எண்ணெக் கையோட தொட்டிருக்கும். பனி படிஞ்சா அந்த எடம் மட்டும் தெரியும். இதுக்குப் போயி மூஞ்சி வெளுத்துக் கெடக்கறீங்களே."

"அது ஸ்டீமுல வெளுத்தது மாப்ள."

அருள்குமார் சொன்னது நியாயமாக இருந்தது. தம்பிதுரை நிம்மதியாகக் காப்பி குடித்தார். ஆனால் பட்டறைக்காரன் புத்தி, அளந்து பார்க்காமல் விடாது. பெயிண்ட் பேனாவை எடுத்து, கண்ணாடியின் வெளிப்பக்கத்தில் அந்தக் கையைச் சுற்றி ஒரு கோடு போட்டு வைத்தார்.

அடுத்த ஞாயிறு கோட்டுக்குள் கை இல்லை. ஓர் அங்குலம் மேலே, கொஞ்சம் வலது பக்கமாக இருந்தது. எட்டி எட்டி வைத்தது போல.

அவர் எண்ணெய்க் குளியலையே விட்டார். முதுகுவலி திரும்பி வந்தது. அதை வாழ்த்தி வரவேற்றார். பட்டறைக்குப் போகும்போது கொப்பரைப் பக்கம் வந்ததும் சட்டைப் பொத்தானைக் குனிந்து பார்த்துக்கொண்டே நடந்தார். சட்டை இல்லாத நாளில் பனியனில் பொத்தான் தேடினார். இரண்டு வாரம் இப்படிப் போனதும் ராசாத்தாள் பிடித்துவிட்டாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, சிரிக்காமல், "நாளைக்குப் பங்காருவக் கூட்டியாங்க" என்றாள்.

பங்காரு கோடாங்கி. உடுக்கை அடித்துக் காற்றுக் கருப்பு ஓட்டுகிறவர். கைத்தறித் துண்டும் கைக்கடிகாரமுமாக டி.வி.எஸ் ஃபிப்டியில் வந்து இறங்கினார். கதவை மேலும் கீழும் பார்த்தார். ஜன்னலை மட்டும் தொடவில்லை.

"கொழந்தைங்க" என்றார். "பச்சைக் கொழந்தை. கதவோட வந்திருக்குது. இதுக்குச் சாமி கூப்புட்டெல்லாம் பிரயோசனமில்லீங்க. அனல்தான். பாய்லர் தண்ணியில வேப்பந்தழை, மஞ்சத்தூளு போட்டு மூணு ஞாயிறு ஸ்டீம் விடோணும். கதவு மூடியே இருக்கோணும். கைப்பிடியில நாங் கட்டற மஞ்சத்துணிய எவரும் அவுக்கக் கூடாது. மூணாவது ஞாயிறு அது தட்டும். கூப்புடும். தெரிஞ்ச கொரல்லதான் கூப்புடும். தொறந்தீங்கன்னா, அப்பறம் அது இந்த ஊட்டுப் புள்ளையாகிப்போயிரும்."

இதைச் சொல்லும்போது அக்ஷயா அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "உள்ள இருக்கற பாப்பாவுக்கு வேகாதாம்மா?" என்று கேட்டாள்.

"சும்மா இரு."

"அது என்ன பண்ணுச்சு?"

பங்காரு கடிகாரத்தைப் பார்த்தார். "நாளைக்குப் பல்லடத்துல ஒரு சோலி இருக்குதுங்க" என்று எழுந்தார்.

முதல் ஞாயிறு ஒன்றும் நடக்கவில்லை. வேப்பந்தழை வெந்த வாசனை தெருக்கோடி வரை போய், கொத்தமங்கலத்துப் பஸ்ஸில் வந்து இறங்கியவர்கள் யாருக்கு அம்மை என்று விசாரித்தார்கள். இரண்டாவது ஞாயிறு குழாய் 'டிக் டிக்' என்றது. அது சூட்டில் இரும்பு விரிகிற சத்தம் என்று பம்ப் செய்கிறவருக்குத் தெரியும். தெரிந்தும் அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை.

மூன்றாவது ஞாயிறு வீட்டில் குழந்தை இருக்கக் கூடாது என்று பங்காரு கட்டளையிட்டிருந்தார். ராசாத்தாள் சாப்பாடு முடிந்ததும் அக்ஷயாவைப் பக்கத்து வீட்டுக் காளியாத்தாளிடம் விட்டுவிட்டு வந்தாள். காளியாத்தாள் வீட்டில் கலர் டி.வி. உண்டு, ஞாயிறு மத்தியானம் படம் போடுவான். பிள்ளை அந்தப் பக்கம் உட்கார்ந்தால் பொழுது சாயும்வரை அசையாது.

மூன்று மணி வாக்கில் தம்பிதுரை பாய்லரை மூட்டப் போனார். வழக்கப்படி சட்டைப் பொத்தானைப் பார்த்துக்கொண்டே போனதால், கீழே கிடந்த மஞ்சள் துணி கண்ணில் பட்டது.

கைப்பிடியில் கட்டியிருந்த துணி. முடிச்சு அவிழ்ந்து, சிமெண்டுத் தரையில், பாம்புச் சட்டை மாதிரிக் கிடந்தது. கதவு மூடித்தான் இருந்தது.

காற்றில் அவிழ்கிற முடிச்சல்ல அது; பங்காரு பல்லால் கடித்து இறுக்கியது. உள்ளே இருப்பது வெளியே கை நீட்டிவிட்டதா? தலையை ஒருச்சாய்த்து, ஜன்னல் பக்கம் கண் போகாமல், தடவித் தடவித் துணியைக் கைப்பிடியில் சுற்றி இரண்டு முடிச்சுப் போட்டார். அதற்கு மேல் ஒரு கட்டுக்கம்பியும் சுற்றினார். கண்ணாடியை ஒரு முறை பார்த்திருந்தால் போதும். பார்க்க அவரால் முடியவில்லை. பாய்லர் சுவிட்சைத் தட்டிவிட்டு, நடை என்று சொல்ல முடியாத ஒரு நடையில், முன்னமே வந்து திண்ணையில் உட்கார்ந்திருந்த பங்காருவிடம் போய்ச் சேர்ந்தார்.

"துணி அவுந்துபோச்சுங்க."

பங்காருவின் முகமும் மாறியது. எத்தனையோ வீடுகளில் முடிச்சுப் போட்டவர். அவிழ்ந்தது இதுதான் முதல் முறை என்பது அந்த முகத்தில் எழுதியிருந்தது. உடுக்கையை எடுத்துக்கொண்டு கதவுக்கு எதிரே சம்மணம் போட்டார். அடிக்க ஆரம்பித்தார். வேகவேகமாக, நிறுத்தினால் என்ன கேட்குமோ என்று பயந்தவர் அடிப்பதைப் போல அடித்தார்.

பாய்லர் உறுமியது. குழாய் சூடாகி 'டிக் டிக்' என்றது. உடுக்கை அதிர்ந்தது. ராசாத்தாள் சூடத்தட்டோடு சமையலறை வாசலில் நின்றாள்; பக்கத்தில் அருள்குமார், கையைக் கட்டிக்கொண்டு, நம்பாதவன் நிற்கிற மாதிரி நின்றாலும் கதவிலிருந்து அவன்தான் தூரமாக நின்றான்.

பங்காரு மூச்சு வாங்க உடுக்கையை நிறுத்தினார்.

சத்தம் நிற்கவில்லை.

தொப். தொப். தொப். கனமான கதவுக்கு அந்தப் பக்கம், கீழே, மிகக் கீழே, யாரோ உள்ளங்கையால் அடிப்பது போல. குழாய்ச் சத்தமல்ல. இரும்புக்குப் பொறுமை உண்டு. ஒரே சீராக விரியும். இது விட்டு விட்டு, அவசரமாக, பிறகு தளர்ந்து.

"தட்டுது" என்றார் பங்காரு. "சொன்னேனல்லங்க. யாரும் அசையாதீங்க."

அப்புறம் அது கூப்பிட்டது. கனமான கதவு குரலைப் பிழிந்து, நூல் மாதிரி வெளியே விட்டது.

"அப்பா..."

ராசாத்தாளின் கையிலிருந்து தட்டு விழுந்தது. அக்ஷயாவின் குரல். மேல்பல் விழுந்த பிள்ளை சொல்கிற 'ப்பா.'

"அவ காளியாத்தா ஊட்டுல இருக்கறா" என்றாள் ராசாத்தாள். யாருக்குச் சொன்னாள் என்று தெரியவில்லை. "நாந்தான் கொண்டி உட்டுப்போட்டு வந்தேன். டி.வி. முன்னால உக்கார வெச்சுப்போட்டுத்தான் வந்தேன்." சொல்லிக்கொண்டே வாசல் பக்கம் ஓடத் தொடங்கிவிட்டாள். "ஏனுங் காளியாத்தாக்கா! அக்ஷயா இருக்கறாளா?"

பங்காருவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த தம்பிதுரை எழுந்தார். பங்காரு அவர் வேட்டியைப் பிடித்துக்கொண்டார்.

"வேண்டாமுங்க. அம்மணி போயிப் பாத்துட்டு வரட்டும். அது தெரிஞ்ச கொரல்லதான் கூப்புடும். தொறந்தா அந்தப் புள்ள உங்க ஊட்டுக்குள்ள வந்துருமுங்க."

"அப்பா... சுடுதுப்பா..."

ஒரு மனுஷன் எதை நம்பித் தீர்மானம் செய்கிறான் என்று பின்னால் யோசித்தால் சிரிப்பாகத்தான் இருக்கும். உள்ளே இருப்பது தன் மகள் என்று தம்பிதுரைக்கு அந்த நேரம் நிச்சயமில்லை. பேய் என்றே பாதிக்கு மேல் நம்பினார். கால்கள் ஓடத் தயாராகத்தான் இருந்தன. ஆனால் பேயோ பிள்ளையோ, கதவுக்கு அந்தப் பக்கம் ஒன்று அப்பா என்கிறது. சுடுகிறது என்கிறது. அடுப்பை மூட்டியவர் இவர்.

"வந்தா வந்துட்டுப் போகுது" என்றார். வேட்டியைப் பங்காருவிடம் விட்டுவிட்டு அண்டர்வேரோடு ஓடினார்.

கட்டுக்கம்பி இறுகியிருந்தது. தானே முறுக்கியது, நன்றாக முறுக்கியிருந்தார். விரல் கிழிந்தது. உள்ளே தட்டுவது நின்றுவிட்டது. அப்போதுதான் வாசலிலிருந்து ராசாத்தாள் அலறினாள்: "அவ அங்க இல்லைங்கோ!" அருள்குமார் பாய்ந்து வந்து பாய்லரை அணைத்தான்; பட்டறைப் பக்கம் கிடந்த வெட்டுக்குறடை எடுத்து வந்து கம்பியை வெட்டினான்.

கதவு திறந்ததும் வெள்ளைச் சுவர் ஒன்று முகத்தில் மோதியது. கண் தெரியவில்லை. வேம்பும் மஞ்சளும் மூக்கை அடைத்தன. தம்பிதுரை நான்கு காலில் இறங்கித் தரையைத் துழாவினார். மேலே முகம் வெந்தது. தரையோடு தரையாகக் கொஞ்சம் மூச்சு விட முடிந்தது. வாசலருகில் இல்லை. பெஞ்சுக்குக் கீழே இல்லை. தூரத்து மூலையில் ஒரு சின்னக் கால் கையில் தட்டுப்பட்டது.

அக்ஷயா சுவரை ஒட்டி, கன்னத்தைத் தரையில் வைத்து, ஒருக்களித்துப் படுத்திருந்தாள். முகம் பழுத்த மிளகாய் மாதிரி இருந்தது. வாரி எடுத்து வெளியே வந்து, கார் கழுவுகிற குழாயின் கீழே அவளோடு உட்கார்ந்தார். அவள் கண் திறக்கவில்லை. பிறகு வாந்தி எடுத்தாள். வாந்தியைப் பார்த்து அவ்வளவு சந்தோஷப்பட்ட குடும்பம் அந்தத் தெருவில் வேறு இருந்திருக்காது.

ஆஸ்பத்திரியில் டாக்டர் ஹபீபுன்னிசா பிள்ளைக்கு டிரிப் ஏற்றி, முழங்கையில் குழாய் பட்ட கொப்புளத்துக்கு மருந்து தடவி முடித்த பிறகுதான் தம்பிதுரையின் பக்கம் திரும்பினார்.

"பெரியவங்களுக்கு உடம்பு வேர்த்து சூட்டை வெளியே தள்ளும். குழந்தைக்கு அந்த அளவுக்கு வேர்க்காது. சின்ன உடம்பு, சட்டுனு சூடாயிடும். நீங்க சுகமா உட்கார்ற நேரத்துல அவ மயங்கிடுவா. குழந்தையை அந்த மாதிரி அறைக்குள்ள தனியா விடவே கூடாது. கூட ஆள் இருந்தாலும் விடாதீங்க. தரையில படுத்திருந்தா, பிழைச்சா. எழுந்து நின்னு தட்டிக்கிட்டே இருந்திருந்தா நான் இப்போ உங்ககிட்ட வேற மாதிரி பேசிட்டிருப்பேன். உள்ளே இருந்து திறக்கக் கைப்பிடி இல்லையா?"

"இருந்துச்சுங்க. அறுத்துட்டேன்."

"அறுத்துட்டீங்களா? எந்த மகா எஞ்சினியர் கட்டின அறை அது?"

"நானேதானுங்க."

டாக்டர் அவரை மேலிருந்து கீழே பார்த்தார். அருள்குமாரின் லுங்கி, பாதி வெந்த முகம், கட்டுப்போட்ட விரல். மேற்கொண்டு திட்ட அவருக்கே இடம் தெரியவில்லை போல. "முகத்துக்கு மருந்து போட்டுக்குங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். தம்பிதுரை சுவரில் சாய்ந்தார். அந்த ஜெர்மனிப் பலகையின் சிவப்புக் கோடு கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது.

விடிந்த பிறகு அக்ஷயா தெளிவாகக் கண் விழித்தாள். ராசாத்தாள் அவள் தலையை மடியில் வைத்திருந்தாள். கட்டில் ஓரத்தில் தம்பிதுரை. முதல் கேள்வியே அவளுடையதாக இருந்தது.

"அந்தப் பாப்பா வெளிய வந்துருச்சாப்பா?"

ராசாத்தாள் நிமிர்ந்தாள். தம்பிதுரை கேட்டார், "நீ எதுக்கு கண்ணு அதுக்குள்ள போனே?"

"நீங்க எல்லாரும் அவளை உள்ள வெச்சு வேக வெச்சீங்கல்ல. படத்துல வெளம்பரம் போட்டான். அப்ப ஓடி வந்து துணிய அவுத்துத் தொறந்து உட்டேன். வா வான்னேன். அவ வரவேயில்ல. சின்னப் பாப்பா, பயந்துக்கிச்சு. கையப் புடிச்சுக் கூட்டியாரலாம்னு உள்ள போனேன். கதவு மூடிக்கிச்சு."

"நீ அவளப் பாத்தியா?"

அக்ஷயா யோசித்தாள். பொய் சொல்கிற பிள்ளை இப்படி யோசிக்காது. "மூலையில இருந்துச்சு. சரியாத் தெரியல, ஒரே பொகையா இருந்துச்சு. நாந்தான் தட்டினேன். கூப்புட்டேன். அது தட்டல. கீழ படுத்துக்கிச்சு." கொஞ்சம் நிறுத்தி, "நானும் அது பக்கத்துல போயி படுத்துக்கிட்டேன்" என்றாள்.

ராசாத்தாளின் கை பிள்ளையின் தலையிலேயே நின்றுவிட்டது. தம்பிதுரை மேற்கொண்டு கேட்கவில்லை. அந்தக் கதவு எங்கிருந்து வந்தது, மூடிய அந்த ஃபேக்டரியில் என்ன நடந்தது என்று சீனிவாசலுவிடம் விசாரிக்கலாம். விசாரித்தால் பதில் கிடைத்துவிடும் என்பதுதான் பயமாக இருந்தது.

"வந்துருச்சாப்பா?"

"தெரியலியே சாமி."

"நீ போயி கூட்டிட்டு வா."

"ம்."

"இப்பவே போ. அது தனியா இருக்குது."

அருள்குமாரைப் பிள்ளைக்குத் துணை வைத்துவிட்டு, மாற்றுத்துணி எடுக்கவென்று புருஷனும் பெண்டாட்டியும் வீட்டுக்கு வந்தார்கள். தொட்டில் நாளில் பார்த்த மாதிரி ராசாத்தாள் பார்ப்பாள் என்று தம்பிதுரை காத்திருந்தார். அவள் பார்க்கவேயில்லை. அது அதைவிடக் கஷ்டமாக இருந்தது.

வந்ததும் அவர் ஸ்பேனர் எடுத்துக்கொண்டு கொப்பரைக்குப் போனார். கதவின் கீல்களைக் கழற்றினார். கடைசி போல்ட் கழன்றதும் கதவு அவர் மேலேயே சாய்ந்தது. இந்தப் பக்கம் இரண்டு கைகள் வந்து தாங்கின. ராசாத்தாள். இருவருமாக அதை இறக்கித் தரையில் கிடத்தினார்கள். கேஸ் கட்டரை மூட்டி, அவர் அதைக் குறுக்கே நாலு துண்டாக அறுத்தார். இதை யாரும் இன்னொரு அறைக்கு மாட்ட முடியாது. இரட்டைக் கண்ணாடி அனலில் விரிந்து பொடிந்தது.

அப்புறம் அவர் அறைக்குள் போனார். வேம்பு வாசனை இன்னும் இருந்தது. டைல்ஸ் சில்லென்று கிடந்தது. மூலையில் ஒன்றும் இல்லை. நாற்பதை நெருங்குகிற ஆள், பம்ப்செட் கம்பெனி முதலாளி, குதிகாலில் உட்கார்ந்து வெறும் மூலையைப் பார்த்துக் கையை நீட்டினார். பட்டறை ஆட்கள் பார்த்தால் என்ன நினைப்பார்கள் என்று ஒரு எண்ணம் வந்தது. வந்தா வந்துட்டுப் போகுது என்று அதையும் விட்டார்.

"வா கண்ணு" என்றார். "தப்புப் பண்ணிப்போட்டோம். வா."

ஒரு சின்னக் குழந்தை எழுந்து வர எவ்வளவு நேரமாகுமோ அவ்வளவு நேரம் காத்திருந்தார். பிறகு எழுந்து, இடது கையைத் தாழ்த்தி, விரல்களை லேசாக மூடிக்கொண்டு, மெதுவாக நடந்தார். அறையின் படி உயரம். அங்கே நின்று கொஞ்சம் தாமதித்தார். பட்டறை ஓரமாக, துளசி மாடத்தைச் சுற்றி, வாசலை நோக்கி நடந்தார். குட்டிக் கால்களுக்கு ஏற்ற நடை.

ராசாத்தாள் பார்த்துக்கொண்டு நின்றாள். முன்னால் போய், லாரி வந்தால் மட்டும் திறக்கிற பெரிய கேட்டின் இரண்டு பக்கத்தையும் விரியத் திறந்தாள்.

வெளியே மத்தியான வெயில் ரோட்டில் காய்ந்துகொண்டிருந்தது. தம்பிதுரை கேட்டைத் தாண்டக் காலெடுத்தார்.

"ஏனுங்க" என்றாள் ராசாத்தாள்.

அவர் நின்றார்.

அவள் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. தாழ்ந்திருந்த அந்தக் கையைப் பார்த்தாள். "தார் ரோடு கொதிக்குது. செருப்பில்லாத காலு. தூக்கிக்குங்க."

தம்பிதுரை குனிந்தார். தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தார். பிள்ளை தூக்கி நடப்பவர்களுக்குச் சாய்கிற மாதிரியே, அவர் உடம்பு ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது.